குடுத்த காசு திரும்ப வரலையா? அது எப்ப 420 ஆகும், எப்ப ஆகாது

மதுரையில வக்கீல் ஆபீஸ்ல குமாஸ்தா வேலை பாக்குறவன் கிட்ட அதிகமா வர்ற கேள்வி எதுன்னு கேட்டா, "அண்ணே, காசு வாங்கிட்டு ஏமாத்திட்டான், அவன் மேல ஃபோர் ட்வென்டி போட்டு உள்ள தள்ளணும், என்ன செய்யணும்"ங்கிறதுதான். வர்றவங்கள்ல பாதிப் பேருக்கு நான் சொல்ற பதில் பிடிக்காது. குடுத்த காச ஒருத்தன் திருப்பித் தரலைங்கிறது மட்டும் குத்தம் கிடையாது, அது கடன் பாக்கி, அதுக்கு சிவில் கோர்ட்டு இருக்கு. மோசடின்னு ஆகணும்னா அவன் உங்க கிட்ட காசு வாங்குன அன்னைக்கே பொய் சொல்லியிருக்கணும், அன்னைக்கே அவன் மனசுல ஏமாத்துற எண்ணம் இருந்திருக்கணும், அந்தப் பொய்ய நம்பித்தான் நீங்க காசக் குடுத்திருக்கணும். பின்னாடி போன் எடுக்கல, இன்னைக்கு நாளைக்குன்னு இழுக்குறான், வீட்டுக்குப் போனா கண்டபடி வைறான், இதெல்லாம் உங்களுக்குக் கோவம் வர்ற விஷயம்தான், ஆனா சட்டம் பாக்குறது காசு கை மாறுன அந்த நாளத்தான்.

முதல்ல நம்பர் விஷயத்த முடிச்சிருவோம். 420ங்கிறது பழைய ஐபிசி, அதாவது இந்திய தண்டனைச் சட்டத்துல வர்ற பிரிவு. 2024 ஜூலை 1ல இருந்து பாரதிய நியாய சன்ஹிதா வந்துருச்சு, பிஎன்எஸ்னு சொல்றாங்க, அதுல மோசடிக்கு 318வது பிரிவு. சாதா மோசடின்னா 318(2), 3 வருஷம் வரைக்கும். ஏமாத்தி காசோ பொருளோ வாங்குனா 318(4), 7 வருஷம் வரைக்கும் தண்டனையும் அபராதமும், பழைய 420 இதுதான். உங்க கொடுக்கல் வாங்கல் 2024 ஜூலைக்கு முன்னாடி நடந்திருந்தா இன்னமும் 420தான் போடுவாங்க, அதுக்குப் பிறகுன்னா 318(4). ஊருக்குள்ள எல்லாரும் இன்னும் ஃபோர் ட்வென்டின்னுதான் சொல்றாங்க, இன்னும் முப்பது வருஷத்துக்கு அப்படித்தான் சொல்லுவாங்க.

எண்ணம் என்னைக்கு இருந்துச்சுங்கிறத சட்டமே உதாரணம் போட்டு சொல்லுது. வெள்ளக்காரன் காலத்துல எழுதுன உதாரணம், அவுரிச் செடிய வச்சு எழுதியிருக்காங்க, புதுச் சட்டத்துலயும் அப்படியே இருக்கு. இவ்வளவு அவுரி தர்றேன்னு ஒருத்தன் அட்வான்ஸ் வாங்குறான், வாங்குறப்பவே தர்ற எண்ணம் இல்லைன்னா அது மோசடி. வாங்குறப்ப தரணும்னுதான் நினைச்சான், பின்னாடி பேச்ச மீறிட்டான்னா அது மோசடி இல்ல, சிவில் வழக்கு மட்டும்தான். இன்னைக்கு அவுரிக்கு பதிலா மல்லிய வச்சுக்கங்க. மாட்டுத்தாவணி பூ மார்க்கெட்டுல ஒரு கமிஷன் கடைக்காரர் திருமங்கலம் பக்கத்து விவசாயிக்கு சீசன் பூவுக்கு முன்பணம் குடுக்குறாரு, மழை பெஞ்சு அரும்பெல்லாம் போயிருது, பூ வரல, காசும் வரல. அந்த விவசாயி மேல மோசடி கேஸ் நிக்காது. அதுவே அந்த ஆளுக்கு தோட்டமே இல்ல, யாரோ ஒருத்தர் கொல்லைய காட்டி நம்முளுதுன்னு சொல்லி நாலு கடையில முன்பணம் வாங்கியிருக்கான்னா அது அச்சு அசலா 318(4). ரெண்டுலயும் போன காசு ஒண்ணுதான், கடைக்காரருக்கு வயித்தெரிச்சலும் ஒண்ணுதான்.

அதனால உங்க கேஸ் எந்தப் பக்கம்னு பாக்க, ஒரு பேப்பர எடுத்து வச்சுக்கிட்டு காசு குடுத்த நாளுக்குத் திரும்பிப் போங்க. அன்னைக்கு அவன் என்ன சொன்னான்? நான் சொல்றது, பொதுவா "நல்லா பேசுனான், நம்பிட்டேன்" இல்ல, குறிப்பா எந்த விஷயத்த உண்மைன்னு சொன்னான்? இந்த வீடு என்னுது, இந்த இடத்துல வில்லங்கம் இல்ல, நான் இன்ன கம்பெனியோட டீலர், என் அக்காவுக்கு ஆஸ்பத்திரியில ஆபரேஷன், இப்படி ஏதாச்சும் ஒண்ணு. அது அன்னைக்கே பொய்யா? பொய்னு உங்களால காட்ட முடியுமா? அது பொய்னு தெரிஞ்சிருந்தா நீங்க காசு குடுத்திருப்பீங்களா, மாட்டீங்களா? மூணுக்கும் பதில் உங்க பக்கம் இருந்தா ஸ்டேஷனுக்குப் போகலாம். "அடுத்த மாசம் தர்றேன்னு சொன்னான், தரல" அப்படிங்கிறது மட்டும்தான் கையில இருக்குன்னா அது வாக்குறுதி, வாக்குறுதிய மீறுறது பொய் சொல்றதோட சேராது. இங்கதான் நிறைய பேர் வழுக்கி விழுறாங்க.

அதுலயும் இன்னொண்ணு, வாங்குனவன் ஒரு வருஷம் வட்டி கட்டியிருக்கான், நடுவுல அசல்ல கொஞ்சம் திருப்பிக் குடுத்திருக்கான்னா உங்க மோசடிக் கதை அங்கயே பலவீனமாயிரும், ஏன்னா ஏமாத்த நினைச்சவன் எதுக்குங்க வட்டி கட்டுறான்னு எதிர்த் தரப்பு வக்கீல் கேப்பாரு, ஜட்ஜும் கேப்பாரு. ஆனா இதுக்கு ஒரு விதிவிலக்கு வியாபாரத்துல இருக்கு. கீழமாசி வீதி பக்கம் மொத்த வியாபாரம் பாக்குறவங்களுக்குத் தெரியும், புதுசா ஒருத்தன் வெளியூர்ல கடை போட்டிருக்கேன்னு வருவான், முதல் ரெண்டு மூணு லோடு சின்னதா எடுப்பான், சொன்ன தேதிக்கு டான்னு காசு வந்துரும், உங்களுக்கும் ஆளு நல்ல ஆளுன்னு ஒரு நெனப்பு வந்துரும், அப்புறம் பண்டிகை வருதுன்னு சொல்லி பெரிய லோடா கடனுக்கு எடுத்து, எடுத்த சரக்க அடக்க விலைக்கும் கீழ வேற எடத்துல தள்ளிட்டு, ராத்திரியோட ராத்திரியா கடையக் காலி பண்ணிட்டுப் போயிருவான். இதுல முதல்ல ஒழுங்கா குடுத்ததே ஏமாத்துறதுக்குப் போட்ட தூண்டில்தான். இந்த மாதிரி கேஸ்ல அவன் சரக்க நஷ்டத்துக்கு வித்தது, ஒரே வாரத்துல இன்னும் பல கடையில இதே மாதிரி எடுத்தது, குடுத்த ஜிஎஸ்டி நம்பர் வேற யாருதோ, கடை வாடகை அட்வான்ஸக் கூட முன்னாடியே திரும்ப வாங்கிட்டான், இதெல்லாம் சேர்ந்து முதல் நாளே எண்ணம் இருந்துச்சுன்னு காட்டும். பின்னாடி நடந்த விஷயம் எதுவும் உதவாதுன்னு அர்த்தம் இல்ல, முன்னாடி இருந்த எண்ணத்துக்கு சாட்சியா அது உதவும், அவ்வளவுதான்.

அப்படி எதுவும் இல்லாம, பல வருஷமா சரக்கு எடுத்த கடைக்காரர் இப்ப நொடிஞ்சு போய் பாக்கி வச்சுட்டாருன்னா? சிவில்தான். 2024 ஆகஸ்ட்ல சுப்ரீம் கோர்ட்டு டெல்லி ரேஸ் கிளப் வழக்குல இதத்தான் சொல்லுச்சு. குதிரைக்கு ஓட்ஸும் தீவனமும் சப்ளை பண்ணுனவருக்கு பாக்கி வரல, அவரு கிரிமினல் கேஸ் போட்டாரு, வித்த சரக்குக்கு காசு வரலைன்னா சிவில்ல போய் கேளுன்னு சொல்லி கேஸ தூக்கிட்டாங்க. அதே தீர்ப்புல இன்னொரு முக்கியமான விஷயம், மோசடியும் நம்பிக்கை மோசடியும் வேற வேற, ஒரே சம்பவத்துக்கு ரெண்டையும் சேர்த்துப் போட முடியாது, போலீஸ்காரங்க கண்ண மூடிக்கிட்டு ரெண்டு பிரிவையும் எழுதுறாங்கன்னு கோர்ட்டே வருத்தப்பட்டு எழுதுச்சு.

அந்த நம்பிக்கை மோசடி என்னன்னா, இது பிஎன்எஸ் 316, 5 வருஷம் வரைக்கும். இதுல முதல் நாள் பொய் சொல்லியிருக்கணும்னு அவசியமில்ல. உங்க பொருள நம்பி ஒருத்தர் கையில ஒப்படைக்கிறீங்க, அது உங்க பொருளாவேதான் இருக்கு, அவரு அத தன் சொந்தத்துக்கு எடுத்துக்கிறாரு. தெற்காவணி மூல வீதியில ஒரு பட்டறையில பழைய செயினக் குடுத்து புதுசா செய்யச் சொல்றீங்க, அந்த ஆளு அத அடகுக் கடையில வச்சுட்டான்னா 316. ஓனர் பேருல வசூல் பண்ணுன காச கடை ஊழியர் கட்டாம சாப்பிட்டுட்டாருன்னாலும் இந்த வகைதான், ஊழியர்ங்கிறதால தண்டனை இன்னும் கூட. ஆனா கடனா குடுத்த காசு இதுல வராது, ஏன்னா கடன் குடுத்த நிமிஷமே அந்த நோட்டு அவனுதாயிருது, அவன் உங்களுக்கு அதே அளவு திருப்பித் தரணும், அவ்வளவுதான்.

நம்ம ஊருக்கே உரிய தலைவலி ஒண்ணு இருக்கு, ஒத்தி. மூணு லட்சம் அஞ்சு லட்சம்னு குடுத்துட்டு வாடகை இல்லாம இருக்குறது, காலி பண்ணும்போது முழுசா திரும்ப வாங்குறது. காலி பண்ணுற தேதிக்கு ஓனர் "வேற ஆள் வரட்டும், வந்ததும் தர்றேன்"னு இழுக்குறாருன்னா அது மோசடி இல்ல, எத்தன மாசம் இழுத்தாலும் இல்ல. காசு வர்ற வரைக்கும் வீட்டக் காலி பண்ணாதீங்க, சாவி கையில இருக்குறதுதான் உங்க பலம். ஆனா அதே வீட்ட ரெண்டு பேருக்கு ஒரே நேரத்துல ஒத்திக்கு பேசி ரெண்டு பேர் கிட்டயும் காசு வாங்குனது, பேங்க்குல அடமானம் வச்சு ஏலத்துக்கு வர்ற நிலைமையில இருக்குறத மறைச்சு, வில்லங்கமே இல்லைன்னு எழுதிக் குடுத்து வாங்குனது, வாடகைக்கு இருக்குறவனே ஓனர்னு சொல்லி வாங்குனது, இதெல்லாம் மோசடி. அதனால ஒத்திப் பத்திரத்துல "இந்தச் சொத்துல எந்த அடமானமும் வில்லங்கமும் இல்லை"ன்னு ஒரு வரி கட்டாயம் எழுதி வாங்குங்க. பின்னாடி அந்த ஒரு வரிதான் உங்க கேஸே. ஒத்திய பதிவு பண்ணணும்னு சட்டம் சொல்லுது, யாரும் பண்றதில்ல, ஸ்டாம்ப் பேப்பர்ல எழுதி நோட்டரி கிட்ட ஒரு சீல் வாங்கிட்டு பத்திரமா இருக்குன்னு நினைச்சுக்கிறாங்க.

நெலத்துலயும் இதே கணக்குதான். கிரய ஒப்பந்தம் போட்டு அட்வான்ஸ் குடுத்தீங்க, விலை ஏறிப்போச்சுன்னு அவரு எழுதித் தர மறுக்குறாருன்னா அது ஒப்பந்தத்த மீறுறது, சிவில் கோர்ட்டுல எழுதிக் குடுக்கச் சொல்லி வழக்கு போடலாம். ஏற்கனவே வித்த இடத்த மறுபடி உங்களுக்கு வித்தாருன்னா மோசடி. இங்க ஒரு வேடிக்கை, உங்க நெலத்த எவனோ ஒருத்தன் தன்னுதுன்னு சொல்லி மூணாவது ஆளுக்கு வித்துட்டான்னு வச்சுக்கங்க, மோசடின்னு புகார் குடுக்க வேண்டியது வாங்கி ஏமாந்த அந்த ஆளு, நீங்க இல்ல, ஏன்னா உங்க கிட்ட அவன் பொய் சொல்லி எதையும் வாங்கல. 2009ல முகமது இப்ராகிம் வழக்குல சுப்ரீம் கோர்ட்டு சொன்னது இது. உங்களுக்கு சிவில் வழியும், ஆள்மாறாட்டமோ போலிப் பத்திரமோ நடந்திருந்தா அதுக்குண்டான பிரிவும் இருக்கு.

வேலை வாங்கித் தர்றேன்னு காசு வாங்குறது பெரும்பாலும் சுத்தமான மோசடிதான், ஏன்னா அவனால வாங்கித் தரவே முடியாதுங்கிறது முதல் நாளே அவனுக்குத் தெரியும். ஆனா அரசு வேலைக்கு குடுத்தேன்னு புகார் எழுதுறவங்க ஒண்ணு யோசிக்கணும், 2018ல லஞ்ச ஒழிப்புச் சட்டத்த மாத்துனதுக்கு அப்புறம் குடுக்குறதும் குத்தம், அதோட லஞ்சத்துக்கு குடுத்த காச சிவில் கோர்ட்டுல கேட்டா சட்டவிரோத ஒப்பந்தம்னு தள்ளிருவாங்க. புகார் எழுதுறதுக்கு முன்னாடி கண்டிப்பா ஒரு வக்கீலப் பாத்துட்டு எழுதுங்க. வெளிநாட்டு வேலைன்னா வேற, அங்க பதிவு பண்ணாத ஏஜென்ட் ஆள் எடுக்குறதே 1983 குடிபெயர்வு சட்டத்துல குத்தம், தைரியமா போகலாம்.

சீட்டு, தீபாவளி பண்டு, மாசம் இவ்வளவு சதவீதம்னு டெபாசிட் வாங்குன கம்பெனி, இதெல்லாம் உள்ளூர் ஸ்டேஷன்ல அலையாதீங்க. தமிழ்நாட்டுல 1997ல வந்த முதலீட்டாளர் பாதுகாப்புச் சட்டம் இருக்கு, டான்பிட்னு சொல்லுவாங்க, பொருளாதாரக் குற்றப்பிரிவு பாக்கும், மதுரையிலயே அதுக்கு சிறப்பு நீதிமன்றம் இருக்கு. இதுல சொத்த முடக்கி ஏலம் விட்டு பிரிச்சுக் குடுக்க வழி இருக்கு, அதனால நாள் ஆனாலும் ஏதோ கொஞ்சமாவது வரும். ஒத்தையா போகாம ஏமாந்தவங்க எல்லாரும் சேர்ந்து போங்க. தெருவுல ஒரு அக்கா ஏலச்சீட்டு நடத்தி, சீட்டு எடுத்தவங்க கட்டாம அந்த அக்கா மாட்டிக்கிட்டது வேற கதை, அது பதிவில்லாத சீட்டுன்னு தப்புதான், ஆனா அந்த அக்காவே ஏமாத்துச்சான்னு தனியா பாக்கணும்.

மொய் விஷயமும் கேக்குறாங்க, நிசமா கேக்குறாங்க. உசிலம்பட்டி பக்கம் பந்தல் போட்டு லட்சக்கணக்குல மொய் செஞ்சுட்டு, அவன் நம்ம விசேசத்துக்கு திரும்பச் செய்யலைன்னு. மொய் நோட்டுல எழுதியிருக்குன்னு சொன்னாலும் அத வச்சு மோசடிப் புகார் குடுத்தா ரைட்டர் சிரிச்சுருவாரு.

இப்ப எல்லாத்துலயும் ரொம்ப முக்கியமானத சொல்றேன், இதத் தவற விட்டுட்டு வந்து அழுகுறவங்கதான் அதிகம். உங்க கையில செக் இருந்தா முதல்ல அந்தக் கெடுவ பாருங்க, ஸ்டேஷன அப்புறம் பாக்கலாம். செக்குல போட்ட தேதியில இருந்து 3 மாசத்துக்குள்ள பேங்க்குல போடணும். திரும்பி வந்து பேங்க் உங்களுக்குத் தகவல் சொன்ன நாள்ல இருந்து 30 நாளுக்குள்ள எழுத்து மூலமா நோட்டீஸ் அனுப்பணும், பதிவுத் தபால்லயோ ஸ்பீட் போஸ்ட்லயோ அனுப்பி ரசீதையும் அத்தாட்சியையும் பத்திரமா வைக்கணும். நோட்டீஸ் அவரு கைக்குப் போய் 15 நாள் அவகாசம், அதுக்குள்ள தரலைன்னா அடுத்த ஒரு மாசத்துக்குள்ள மாஜிஸ்திரேட் கோர்ட்டுல செக் மோசடிக்குன்னே இருக்குற செலாவணி முறிச் சட்டம் 138வது பிரிவுல வழக்கு. எந்தக் கோர்ட்டுன்னா உங்க கணக்கு எந்த பேங்க் கிளையில இருக்கோ அந்தப் பகுதி கோர்ட்டு, 2015 திருத்தத்துக்குப் பிறகு அப்படித்தான், அவன் கோயம்புத்தூர்க்காரனா இருந்தாலும் உங்க கணக்கு சிம்மக்கல் பக்கம்னா நீங்க மதுரையிலயே போடலாம். இதுல 2 வருஷம் வரைக்கும் தண்டனை, செக் தொகையில ரெண்டு மடங்கு வரைக்கும் அபராதம், வழக்கு நடக்கும்போதே 20 சதவீதம் வரைக்கும் இடைக்கால இழப்பீடு கேக்கலாம். எல்லாத்தையும் விட பெரிய லாபம், முதல் நாளே ஏமாத்துற எண்ணம் இருந்துச்சுன்னு நீங்க நிரூபிக்கவே வேண்டாம், கையெழுத்து அவருதுன்னா கடனுக்குத்தான் குடுத்தாருன்னு சட்டமே எடுத்துக்கும், இல்லைன்னு அவருதான் காட்டணும். கையெழுத்து மட்டும் போட்டுக் குடுத்த வெத்துச் செக்கா இருந்தாலும் அவரா மனசோட குடுத்திருந்தா இது பொருந்தும்னு 2019ல பீர் சிங் வழக்குல சொல்லியிருக்காங்க.

இவ்வளவு நல்ல வழி கையில இருக்கும்போது அத விட்டுட்டு "முதல்ல எஸ்.ஐ. கூப்பிட்டு ரெண்டு அதட்டு அதட்டுனா குடுத்துருவான்"னு ஸ்டேஷனுக்கும் வீட்டுக்கும் நடந்து, அந்த 30 நாளக் கோட்டை விட்டுர்றாங்க. செக் ஆறாத சோறு மாதிரி, சூடு போறதுக்குள்ள உக்காந்துரணும். செக் குடுக்குறதுக்கு முன்னாடியே அந்தக் கணக்க மூடிட்டான், இல்ல வேற ஆளு கணக்கு செக்க தன்னுதுன்னு குடுத்துட்டான்னு தெரிஞ்சா அப்ப 318ம் சேர்ந்து வரும், ரெண்டும் தனித்தனிக் குத்தம், ரெண்டையும் நடத்தலாம்.

சரி, பாத்தாச்சு, நம்ம கேஸ் நிசமாவே மோசடிதான்னு முடிவாயிருச்சு. ஆதாரத்த முதல்ல சேருங்க. ஜிபே, பேங்க் ஸ்டேட்மென்ட்டு, எழுதி வாங்குன பேப்பர், வில்லங்கச் சான்று, அவன் சொன்னது பொய்னு காட்டுற எதுவா இருந்தாலும் சரி. வாட்ஸ்அப்ப ஸ்கிரீன்ஷாட் எடுத்தா மட்டும் பத்தாது, கோர்ட்டுல அதுக்கு புதுச் சாட்சியச் சட்டம் 63வது பிரிவுல சான்றிதழ் குடுக்கணும், அதனால அந்த போன விக்காதீங்க, ரீசெட் பண்ணாதீங்க, சாட்ட எக்ஸ்போர்ட் பண்ணி ஒரு காப்பி வைங்க. ரொக்கமா குடுத்தவங்க பாடுதான் திண்டாட்டம். 20,000 ரூபாயோ அதுக்கு மேலயோ கடன ரொக்கமா வாங்கக் கூடாதுன்னு வருமான வரிச் சட்டமே சொல்லுது, அது ஒரு பக்கம் இருக்கட்டும், குடுத்தோம்ங்கிறதுக்கு என்ன சாட்சி? குடுக்குறதுக்கு முன்னாடி பேங்க்குல எடுத்த கணக்கு, கூட இருந்த ஆளு, அதுக்குப் பிறகு அவன் "ஆமாண்ணே தர்றேன், கொஞ்சம் டைம் குடுங்க"ன்னு அனுப்புன மெசேஜ், இது மூணும் சேர்ந்தா ஓரளவு நிக்கும்.

புகார் எழுதுறதுலதான் பாதி கேஸ் செத்துப்போகுது. நம்ம ஆளுங்க எழுதுறது எப்படின்னா, அவரு எனக்கு இவ்வளவு தரணும், பல முறை கேட்டும் தரல, கேட்டா மிரட்டுறாரு, ஆகவே ஐயா அவர்கள் எனது பணத்தை வாங்கித் தருமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன். இப்படி எழுதுனா நீங்களே இது சிவில்னு எழுதிக் குடுத்த மாதிரி ஆயிருச்சு, மனுவ வாங்குனவரு "சிவில் தன்மையுடையது, நீதிமன்றத்தை அணுக அறிவுறுத்தப்பட்டது"ன்னு மூடிருவாரு, அவர் மேல தப்பும் இல்ல. எழுத வேண்டியது இப்படி: இன்ன தேதியில, இன்ன எடத்துல, இன்னாரு முன்னாடி, அவரு இன்ன விஷயத்த உண்மைன்னு சொன்னாரு, அத நம்பி நான் இன்ன தேதியில இன்ன வழியில இவ்வளவு குடுத்தேன், அவரு சொன்னது அன்னைக்கே பொய்ங்கிறது இன்ன ஆவணத்தால எனக்கு இன்ன தேதியில தெரிஞ்சது, குடுக்குறப்பவே ஏமாத்துற எண்ணத்தோட என்ன நம்ப வச்சு வாங்கியிருக்காரு, வழக்குப் பதிவு பண்ணி நடவடிக்கை எடுங்க. காச வாங்கித் தாங்கன்னு ஒரு வார்த்த வேண்டாம். மிரட்டுனாரு, சாதியச் சொல்லித் திட்டுனாருன்னு நடக்காதத சேக்குறதும் வேண்டாம், ஒரு பொய் வெளிய வந்தா மொத்தமும் போச்சு, பொய்ப் புகாருக்குன்னு தனிப் பிரிவும் இருக்கு.

குடுக்குற எடம், சிட்டிக்குள்ளன்னா உங்க லிமிட் ஸ்டேஷன், தொகை பெருசுன்னா கமிஷனர் ஆபீஸ் மூலமா மத்தியக் குற்றப்பிரிவுக்குப் போகும். மேலூர், உசிலம்பட்டி, வாடிப்பட்டின்னு ரூரல் பக்கம்னா எஸ்.பி. ஆபீஸும் மாவட்டக் குற்றப்பிரிவும். மனுவக் குடுத்ததும் சி.எஸ்.ஆர். ரசீது, அதாவது மனு வந்துச்சுன்னு ஸ்டேஷன்ல நம்பர் போட்டுக் குடுக்குற சீட்டு, கேட்டு வாங்குங்க, "நாளைக்கு வாங்க தர்றேன்"னா உக்காந்தே வாங்குங்க. உடனே எஃப்ஐஆர் போடலைன்னு குதிக்காதீங்க, வியாபாரக் கொடுக்கல் வாங்கல்ல முன் விசாரணை பண்ணலாம்னு 2013 லலிதா குமாரி தீர்ப்புலயே இருக்கு. கூப்பிட்டு விசாரிப்பாங்க, ரெண்டு தரப்பையும் உக்கார வைப்பாங்க. அங்க அவன் "ஆறு மாசத்துல தர்றேன்"னு எழுதிக் குடுப்பான், நீங்களும் சந்தோசமா கையெழுத்துப் போட்டுட்டு வந்துருவீங்க. வக்கீலுக்குப் போன் போட்டுக் கேக்காம அதுல கையெழுத்துப் போடாதீங்க, ஏன்னா அந்தப் பேப்பர் பின்னாடி "இது வெறும் கடன்தான், இவரே ஒத்துக்கிட்டாரு"ன்னு உங்களுக்கு எதிரா திரும்பும். காச வசூல் பண்ணிக் குடுக்குறது போலீஸ் வேலை இல்ல, அத ஸ்டேஷன்ல வச்சு செஞ்சா அதுக்குப் பேரு கட்டப்பஞ்சாயத்து.

எஃப்ஐஆர் மறுத்தா எஸ்.பி.க்கோ கமிஷனருக்கோ தபால்ல அனுப்புங்க, அதுவும் நடக்கலைன்னா பிஎன்எஸ்எஸ், அதாவது புதுக் குற்றவியல் நடைமுறைச் சட்டம், 175(3)ல மாஜிஸ்திரேட் கிட்ட மனு. அதோட உறுதிமொழிப் பத்திரம் வைக்கணும், முன்னாடி ஸ்டேஷனுக்கும் எஸ்.பி.க்கும் குடுத்ததுக்கான அத்தாட்சியும் வேணும், அதனாலதான் ரசீது ரசீதுன்னு கத்துறேன். எஃப்ஐஆர் போட்டதும் ஆள உள்ள தூக்கிருவாங்கன்னு நினைக்காதீங்க. 7 வருஷம் வரைக்கும் உள்ள குத்தத்துக்கு காரணம் எழுதாம கைது பண்ணக் கூடாது, பெரும்பாலும் அதே சட்டத்துல 35(3) பிரிவு நோட்டீஸ் குடுத்துத்தான் விசாரணைக்குக் கூப்பிடுவாங்க, அர்னேஷ் குமார் வழக்குல 2014லயே முடிஞ்ச விஷயம். முன்ஜாமீன் வரும்போது காசக் கட்டச் சொல்லுவாங்க, அதுல வாங்கிறலாம்னு ஒரு கணக்குப் போட்டு வர்றாங்க, ஜாமீன் மனு கடன் வசூல் பண்ற எடமில்லன்னு சுப்ரீம் கோர்ட்டு 2023ல சொல்லிருச்சு. கிரிமினல் கேஸ்ல ஜெயிச்சாலும் முதல்ல கெடைக்கிறது தண்டனைதான். காசு வேணும்னா பக்கத்துலயே சிவிலும் ஓடணும், ரெண்டையும் ஒரே நேரத்துல நடத்தத் தடையில்ல.

சிவிலுக்கு 3 வருஷக் கெடு. புரோநோட்டுன்னா எழுதுன தேதியில இருந்து எண்ணணும், கடைசியா கேட்ட தேதியில இருந்து இல்ல. 3 வருஷம் முடியுறதுக்குள்ள அவரு ஆயிரம் ரூபாய் குடுத்து நோட்டுக்குப் பின்னாடி வரவு எழுதி கையெழுத்துப் போட்டா அங்க இருந்து புதுசா 3 வருஷம், நம்ம ஊரு வட்டிக்கடைப் பெரியவங்க இத யாரும் சொல்லிக் குடுக்காமயே செய்வாங்க. வரவ அவரு கையெழுத்தோட எழுதணும், நீங்களா எழுதி வச்சுக்கிட்டா செல்லாது. புரோநோட்டு வழக்க சுருக்க விசாரணையா, சிவில் நடைமுறைச் சட்டத்தோட ஆர்டர் 37ல போட்டா, எதிராளி கோர்ட்டோட அனுமதி வாங்கித்தான் வாதாடவே முடியும். கோர்ட் பீஸ் 3 சதவீதம், முன்னாடி 7.5ஆ இருந்தத 2017ல கொறச்சாங்க. லோக் அதாலத்துல முடிஞ்சா கட்டுன பீஸும் திரும்ப வரும். வழக்கு நடக்கும்போதே சொத்த வித்துட்டு ஓடப் பாக்குறான்னா தீர்ப்புக்கு முன் ஜப்தி கேக்கலாம், அதுக்கு எந்தச் சொத்து, யாருக்கு விக்கப் போறான்ங்கிற விவரம் வேணும், சும்மா சந்தேகமா இருக்குன்னா குடுக்க மாட்டாங்க. வக்கீல் வைக்க வசதியில்லாதவங்க மாவட்ட நீதிமன்ற வளாகத்துல இருக்குற சட்டப்பணிகள் ஆணைக்குழுவுல கேளுங்க, பெண்களுக்கும் எஸ்சி எஸ்டி மக்களுக்கும் வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவசம்.

வட்டிக்கு விட்டவங்களுக்குத் தனியா ஒண்ணு. நீங்க மீட்டர் வட்டி, கந்து வட்டின்னு விட்டுட்டு மோசடின்னு ஸ்டேஷன் ஏறுனா, அவன் அதே ஸ்டேஷன்ல 2003 கந்துவட்டித் தடைச் சட்டத்துல எதிர்ப் புகார் குடுப்பான், அப்ப ரெண்டு பேருல உங்க நிலைமைதான் மோசமா இருக்கும்.

இந்தப் பக்கம், காசு தரமுடியாம தவிக்கிறவங்க மேல மோசடிக் கேஸ் போட்டு வந்தா என்ன செய்ய? ஒளிஞ்சு திரியாதீங்க, 35(3) நோட்டீஸ் வந்தா தேதிக்குப் போய் நில்லுங்க, போனத ஆஃப் பண்ணி ஊர விட்டுப் போனா அதையே முதல் நாள் எண்ணத்துக்கு சாட்சியா எழுதிருவாங்க. கட்டுன வட்டி, குடுத்த தவணை, தொழில் நஷ்டமானதுக்கான கணக்கு எல்லாத்தையும் எடுத்துக் குடுங்க. புகார அப்படியே உண்மைன்னு எடுத்துக்கிட்டாலும் மோசடி ஆகலைன்னா, ஒத்தக்கடைக்கு முன்னாடி இருக்கே ஐகோர்ட்டு மதுரைக் கிளை, அங்க பிஎன்எஸ்எஸ் 528வது பிரிவுல கேஸ ரத்து பண்ணச் சொல்லி குவாஷ் மனு போடலாம்.

ராசியாப் போறதா இருந்தா அதையும் முறையா செய்ங்க. 318(4) கோர்ட்டு அனுமதியோட சமாதானம் பண்ணிக்கக்கூடிய குத்தம்தான். காச பேங்க் வழியா குடுங்க, வாங்குங்க. குடுக்குற அன்னைக்கே ஒரிஜினல் புரோநோட்டு, செக், வெத்துப் பேப்பர் எது எது போயிருக்கோ அத்தனையும் எண்ணித் திரும்ப வாங்கி, என்னென்ன வாங்குனோம்னு சமாதானப் பத்திரத்துல ஒவ்வொண்ணா நம்பரோட எழுதி ரெண்டு பேரும் கையெழுத்துப் போடணும், செக் காணாமப் போச்சுன்னு சொன்னா அந்தச் செக் நம்பரையும், இனிமே அது செல்லாதுங்கிறதையும் எழுதி வாங்கிக்கிட்டு, பேங்க்குலயும் ஸ்டாப் பேமென்ட் குடுத்துருங்க.